நம்பிக்கொண்டிருந்தவர்: டெல்லி கணேஷ் பற்றிச் சில குறிப்புகள்

2024 நவம்பர் 9-ஆம் தேதி இரவு டெல்லி கணேஷ் சென்னையில் காலமானார். வயது 80. அப்போது வந்த அஞ்சலிக் கட்டுரைகளைச் சேர்த்து வைத்திருந்தேன். சமீபத்தில் அவற்றை மொத்தமாக உட்கார்ந்து வாசித்தபோது ஒரு சலிப்பு வந்தது. எல்லாவற்றிலும் ஒரே பட்டியல். விமானப்படையில் வேலை பார்த்தவர், பாலசந்தர் அறிமுகப்படுத்தினார், 400 படங்களுக்கு மேல் நடித்தார், கமலுக்குப் பிடித்த நடிகர், கலைமாமணி வாங்கினார். அப்புறம் கடைசியில் "ஈடு செய்ய முடியாத இழப்பு". எதை ஈடு செய்ய முடியாது என்று மட்டும் யாரும் எழுதவில்லை. அந்த மனிதர் திரையில் வந்து நின்றால் என்ன நடந்தது, அவர் இல்லாவிட்டால் அந்தப் படத்தில் எது நொறுங்கியிருக்கும் என்ற கேள்வியே வரவில்லை.

அந்தக் கேள்விக்கு எனக்குத் தெரிந்த பதிலை எழுதி வைக்கிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் "குணச்சித்திர நடிகர்" என்ற சொல்லைப் பார்த்துவிடலாம். தமிழில் யார் எப்போது இதைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார்களோ, அழகான சொல்தான். ஆனால் கதாநாயகனை நாம் யாரும் குணச்சித்திர நடிகர் என்று சொல்ல மாட்டோம். அவருக்குக் குணம் தேவையில்லை போலிருக்கிறது! நாயகன் அல்ல, வில்லன் அல்ல, காமெடியனும் அல்ல, அப்படி மிச்சம் விழுந்தவர்களைப் போட்டு வைக்கும் பெட்டி அது. ஸ்பெயின்காரர்கள் இதே ஆட்களை "ஆக்தோர் தெ ரெபார்த்தோ" என்கிறார்கள். "ரெபார்த்தோ" என்றால் பங்கு பிரிப்பது, ஆளுக்கு ஆள் பகிர்ந்து கொடுப்பது. கதையின் பாரத்தில் ஒரு பங்கைச் சுமப்பவர் என்று எடுத்துக்கொள்ளலாம். எனக்கு அந்தச் சொல்தான் பிடித்திருக்கிறது. டெல்லி கணேஷ் சுமந்த பங்கு என்ன என்பதே இந்தக் குறிப்பின் விஷயம்.

ஆளை அறியாதவர்களுக்காக அடிப்படை விவரம். 1944 ஆகஸ்ட் 1-ஆம் தேதி வல்லநாட்டில் பிறந்தவர். இன்றைக்கு அது தூத்துக்குடி மாவட்டம். அவர் பிறந்தபோது ஒன்றாக இருந்த பழைய திருநெல்வேலி மாவட்டம். எங்கள் கடையநல்லூரும் அதே மாவட்டத்தில்தான் இருந்தது. பிற்பாடு தூத்துக்குடி ஒரு பக்கம் போக, 2019-இல் நாங்கள் தென்காசி மாவட்டம் ஆனோம். அதனால் "நம்ம ஊர்க்காரர்" என்று நான் உரிமை கொண்டாடினால் வரைபடம் ஒத்துக்கொள்ளாது, மனசு ஒத்துக்கொள்ளும். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் இருந்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். பெயரின் முன்னால் இருக்கும் டெல்லி அங்கிருந்து வந்தது. 1977-இல் விசுவின் நாடகத்தை வைத்து பாலசந்தர் எடுத்த "பட்டினப் பிரவேசம்" அவருடைய முதல் படம். அப்போது அவருக்கு வயது முப்பதைத் தாண்டியிருந்தது.

இந்த வயது முக்கியம். சினிமாவில் கதாநாயகனாக ஆரம்பிக்க அது கொஞ்சம் தாமதம். அப்பாவாக ஆரம்பிக்க ரொம்பவே சீக்கிரம். அவருக்கு நடந்தது இரண்டாவது. 1979-இல் "பசி" படத்தில் ஷோபாவுக்கு அப்பாவாக நடித்தபோது அவருக்கு வயது 35. அதோடு அப்பாவானவர், அடுத்த நாற்பத்தைந்து வருஷமும் அப்பாதான். இடையில் 1981-இல் "எங்கம்மா மகாராணி" என்ற படத்தில் நாயகனாகவும் நடித்துப் பார்த்தார். அந்தப் பக்கம் கதவு திறக்கவில்லை.

சரி, "பசி"க்கு வருவோம். துரை இயக்கிய படம். அந்த வருஷத்தின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும், ஷோபாவுக்குச் சிறந்த நடிகை விருதும் அதற்குக் கிடைத்தன. சென்னையின் குடிசைப் பகுதியில் காகிதம் பொறுக்கும் குப்பம்மா என்ற பெண்ணின் கதை. டெல்லி கணேஷ் அவளுடைய அப்பா, சைக்கிள் ரிக்‌ஷா ஓட்டுபவர். இன்றைக்குப் பாதிப் பேருக்கு இது ஆச்சரியமாக இருக்கும். "அவரா? ரிக்‌ஷாக்காரரா?" என்பார்கள். நம் தலைக்குள் அவர் பஞ்சகச்சமும் திருநீறுமாகவே உட்கார்ந்திருக்கிறார் இல்லையா!

அந்தப் படத்தைத் தேடி ஒருதரம் பாருங்கள். மெட்ராஸ் பாஷை பேசும் நடிகர்கள் அந்தக் காலத்தில் நிறையப் பேர் உண்டு. பெரும்பாலும் அதைச் சிரிப்பு மூட்டும் பாஷையாகத்தான் பேசுவார்கள். "இந்தா பார், நான் எப்படிப் பேசுறேன்" என்று ஒரு கண் நம்மைப் பார்த்துக்கொண்டே இருக்கும். டெல்லி கணேஷ் அதைச் செய்யவில்லை. உடம்பு களைத்துப் போன ஒருவன் பேசுகிற பேச்சாக அதைப் பேசினார். வாக்கியத்தின் கடைசிச் சொல் பாதியில் தேய்ந்து போகும். கேட்டவருக்குக் காதில் விழுந்ததா என்று பார்க்கக்கூட அந்த ஆளுக்குத் தெம்பு இல்லை. பிள்ளைகள் நிறைந்த ஒரு வீட்டில் தகப்பனுடைய அதிகாரம் எவ்வளவு மெலிந்து போயிருக்கும் என்பது அந்தக் குரலிலேயே தெரிந்துவிடுகிறது.

தமிழக அரசு அந்த நடிப்புக்குச் சிறப்புப் பரிசு கொடுத்தது. தேசிய விருதில் துணை நடிகர் என்ற பிரிவே அப்போது கிடையாது. 1984-ஆம் வருஷப் படங்களுக்குத்தான் அந்தப் பிரிவு முதலில் வந்தது. சத்யஜித் ராயின் "கரே பாய்ரே"க்காக விக்டர் பானர்ஜி வாங்கினார். பிறகு தமிழில் நாகேஷ் "நம்மவர்" படத்துக்கும், பிரகாஷ்ராஜ் "இருவர்" படத்துக்கும் வாங்கினார்கள். டெல்லி கணேஷுக்குக் கடைசிவரை கிடைக்கவில்லை. விருது கிடைக்காததை வைத்து அழுவது என் நோக்கமில்லை. ஒருவருடைய மிகச் சிறந்த வேலை நடந்தபோது அந்த வேலைக்குப் பெயரே வைத்திருக்கவில்லை என்பதைச் சொல்லவே இதைக் குறிப்பிட்டேன்.

பாலசந்தரின் "சிந்து பைரவி" 1985-இல் வந்தது. சிவகுமார் ஜே.கே.பி. என்ற பெரிய பாடகர். டெல்லி கணேஷ் அவருக்கு மிருதங்கம் வாசிக்கும் குருமூர்த்தி. இவருக்குக் குடிப்பழக்கம். கச்சேரிக்குக் குடித்துவிட்டு வருகிறார். ஜே.கே.பி. அவரை மேடையில் ஏற்ற மறுத்து, மிருதங்கம் இல்லாமலேயே பாடிக் காட்டுகிறார். அந்த இடத்தில் நாம் எல்லோரும் ஜே.கே.பி.யைத்தான் பார்க்கிறோம். அவருடைய கம்பீரம், ஒழுக்கம், திமிர் எல்லாம் ஒரே காட்சியில் நிறுவப்பட்டுவிடும். ஆனால் அது நிறுவப்படுவது குருமூர்த்தியின் மேல் ஏறி நின்று. அந்த அவமானத்தை டெல்லி கணேஷ் முழுசாக வாங்கிக்கொள்கிறார். முறைப்பதில்லை, கெஞ்சுவதையும் ஓர் அளவோடு நிறுத்திக்கொள்கிறார். செய்தது தப்பு என்று அந்த மனுஷனுக்குத் தெரியும். தெரிந்தும் நின்றுகொண்டிருக்கிறான்.

இதன் பலன் படத்தின் பின்பாதியில்தான் கிடைக்கிறது. அதே ஜே.கே.பி. குடிக்கு அடிமையாகி விழுகிறார். முன்னால் குருமூர்த்தியின் அவமானம் நமக்குள் இறங்கியிருந்தால்தான் ஜே.கே.பி.யின் வீழ்ச்சிக்கு எடை வரும். இல்லாவிட்டால் அது இன்னொரு குடிகாரன் கதை. அந்தப் படத்துக்கு மூன்று தேசிய விருதுகள் வந்தன: சுஹாசினி, இளையராஜா, சித்ரா. மூன்றும் தகுதியானவர்களுக்கே போயின. ஆனால் கதையின் தராசில் எதிர்த்தட்டில் உட்கார்ந்திருந்தவர் இந்த மிருதங்கக்காரர்.

இரண்டு வருஷம் கழித்து "நாயகன்". இங்கே அவருக்குப் பெயர்கூடக் கிடையாது, ஐயர், அவ்வளவுதான். வேலு நாயக்கர் பம்பாயில் எத்தனை பெரிய ஆளானாலும் தமிழ்தான் பேசுவார். அடுத்தவனிடம் பேச ஐயர் வேண்டும். மணிரத்னம் எழுதியதில் எனக்கு மிகவும் பிடித்த யோசனைகளில் ஒன்று இது. மிரட்டுகிறவன் ஒருவன், அந்த மிரட்டலை வாய் திறந்து சொல்ல வேண்டியவன் இன்னொருவன். கமல் ஒரு வாக்கியத்தைச் சொல்லி முடித்ததும் கேமரா எங்கே இருந்தாலும் சரி, நீங்கள் டெல்லி கணேஷின் முகத்தைப் பாருங்கள். மொழிபெயர்ப்புக்கு முன்னால் ஒரு நொடி இருக்கிறது. "இதை நான்தான் சொல்லணுமா" என்கிற நொடி. நாயக்கர் எவ்வளவு அபாயமானவர் என்பது கமலின் குரலில் பாதி, ஐயர் எச்சில் விழுங்குவதில் பாதி. பிறகு போலீஸ் அடி வாங்கி ஆஸ்பத்திரியில் கிடக்கும் இடத்தில் அந்த ஐயர் உடைவதைப் பார்க்கிறோம். அதுவரை பின்னால் கைகட்டி நின்ற ஆளுக்கு அந்தக் கும்பலில் இருப்பதற்கு என்ன விலை என்று அங்கேதான் தெரிகிறது.

இந்த இரண்டு படத்திலிருந்தும் ஒரு விஷயம் பிடிபடுகிறது. மற்றவர் செய்வதை இவர் நம்புகிறார். அந்த நம்பிக்கை நம்மைத் தொற்றிக்கொள்கிறது. ராஜா வேஷம் கட்டியவர் எவ்வளவு கம்பீரமாக உட்கார்ந்தாலும், முன்னால் நிற்கிறவன் குனியாவிட்டால் ராஜா இல்லை. கூத்து பார்த்து வளர்ந்த ஊர்களில் இதைச் சொல்லித்தர வேண்டாம்.

இப்போது நகைச்சுவைக்கு வருகிறேன். அஞ்சலிகளில் எல்லோரும் அவரை "சிரிக்க வைத்தவர்" என்று எழுதியிருந்தார்கள். எனக்கு அதில் சம்மதமில்லை. அவர் படங்களில் நாம் விழுந்து விழுந்து சிரித்தோம், உண்மை. ஆனால் அவர் சிரிக்க வைக்க முயன்ற மாதிரி ஒரு காட்சியைக் காட்டுங்கள் பார்ப்போம்.

1990-இல் வந்த "மைக்கேல் மதன காம ராஜன்". சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கம், கிரேஸி மோகன் வசனம், கமலுக்கு நாலு வேஷம். அதில் சமையல்காரர் காமேஸ்வரனை எடுத்து வளர்த்த பாலக்காடு மணி ஐயராக டெல்லி கணேஷ். நிஜத்தில் கமலைவிட அவர் பத்து வயசுதான் மூத்தவர். கல்யாண வீட்டுச் சாம்பாருக்குள் மீன் விழுந்துவிடும் அந்தக் காட்சியை நினைத்துக்கொள்ளுங்கள். படத்தில் இருக்கும் எல்லோருக்கும் தாங்கள் ஒரு காமெடிப் படத்தில் இருப்பது ஏதோ ஒரு மூலையில் தெரியும். கமலுக்குத் தெரியும், ஊர்வசிக்குத் தெரியும், பாட்டியாக வரும் எஸ்.என்.லட்சுமிக்கு நன்றாகவே தெரியும். மணி ஐயருக்கு மட்டும் தெரியாது. அவருக்கு அது பிழைப்பு. நாலு வீட்டில் நல்ல பேர் வாங்கினால்தான் அடுத்த முகூர்த்தத்துக்குக் கூப்பிடுவார்கள் என்ற கவலையில் இருக்கிற ஒரு சமையல்காரர். அந்தக் கவலை நிஜமாக இருப்பதால்தான் மீன் சிரிப்பாகிறது. அவரும் சேர்ந்து சேட்டை செய்திருந்தால், சாம்பாரில் மீன் விழுந்தால் என்ன, யானை விழுந்தால் என்ன?

அந்தப் பாலக்காட்டுப் பேச்சைப் பற்றியும் ஒரு வார்த்தை. நாங்கள் எல்லைக்காரர்கள். செங்கோட்டை, புளியரை தாண்டினால் கேரளா. மலையாளம் கலந்த தமிழும் தமிழ் கலந்த மலையாளமும் சந்தைக்கும் பஸ்ஸுக்கும் வந்து போகும். அதனால் இந்த விஷயத்தில் எங்கள் காது கொஞ்சம் கறார். கமலின் பாலக்காட்டுத் தமிழ் ஒரு வித்தை. ராட்டினம் மாதிரி சுற்றிக் காட்டுவார், நாமும் கைதட்டுவோம். டெல்லி கணேஷ் அந்த இழுவையை அடக்கி வைத்துக்கொண்டார். மகனுடைய பேச்சு எங்கிருந்து வந்தது என்று நமக்குப் புரியும் அளவுக்கு மட்டும் பேசினார். வல்லநாட்டில் பிறந்து டெல்லியில் நாடகம் போட்டவர் பாலக்காட்டுக்காரராக இருப்பதை யாரும் கவனிக்கவே இல்லை என்பதுதான் அவருக்குக் கிடைத்த பாராட்டு.

இதற்கு முந்தைய வருஷம் அதே சிங்கீதம் சீனிவாசராவின் "அபூர்வ சகோதரர்கள்". நாலு வில்லன்கள்: நாகேஷ், ஜெய்சங்கர், நாசர், டெல்லி கணேஷ். ஒரு காமெடியன், ஒரு பழைய கதாநாயகன், அப்போது மேலே வந்துகொண்டிருந்த ஒரு இளைஞர், நம்ம குருமூர்த்தி. ஊரில் நல்ல மனுஷன் என்று பேர் எடுத்தவர்களாகப் பார்த்துப் பொறுக்கின மாதிரி இருக்கும். பிரான்சிஸ் அன்பரசு என்ற பெயரில் இவர் செய்த கொடுமை இன்றைக்கும் வயிற்றைக் கலக்குகிறது. அவர் குரலை உயர்த்தவே இல்லை என்பதுதான் காரணம். ஆபீஸில் கோப்பில் கையெழுத்துப் போடுகிற நிதானம். அதே ஆள், தன்னுடைய முறை வந்து அப்புவின் முன்னால் மாட்டும்போது அந்தப் பயத்தையும் முழுசாக நம்பிப் பயப்படுகிறார்.

ஸ்பானிய சினிமாவில் பெப்பே இஸ்பெர்ட் என்று ஒரு கிழவர் இருந்தார். கரகரத்த குரல், குள்ளமான உருவம். பெர்லாங்காவின் "எல் வெர்துகோ" என்ற 1963-ஆம் வருஷப் படத்தில், அரசாங்கத்துக்காக மரண தண்டனையை நிறைவேற்றும் கிழவராக நடித்தார். பார்ப்பதற்கு ஓய்வுபெறப் போகும் ஒரு சாதாரண குமாஸ்தா. தன் தொழிலை மருமகன் தலையில் கட்டிவிட்டால் குடும்பத்துக்கு அரசாங்க வீடு கிடைக்கும் என்பதுதான் அவருடைய கவலை. பிராங்கோவின் ஆட்சிக் காலத்தில் இப்படி ஒரு படம் வந்தது என்பதே பெரிய விஷயம். அதில் இஸ்பெர்ட் ஒரு இடத்திலாவது "நான் ஒரு பயங்கரமான ஆள்" என்று கண் காட்டியிருந்தால் படம் படுத்திருக்கும். அவருக்கு அது வேலை, மாதச் சம்பளம். டெல்லி கணேஷை யோசிக்கும்போது எனக்கு இந்தக் கிழவர் ஞாபகம்தான் வரும். நமக்கு அங்கே எதற்கு என்று கேட்டால், நல்ல துணை நடிகரை அந்த ஊரில் எப்படி மதிக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளத்தான். கோயா விருதுகள் 1987-இல் தொடங்கியபோதே இந்த வகைக்கு ஓர் இடம் ஒதுக்கினார்கள்.

நம்ம பக்கமே இவருக்கு ஒப்பிட ஓர் ஆள் உண்டு: பூர்ணம் விஸ்வநாதன். அவரும் நெல்லைச் சீமைக்காரர். "முள்ளும் மலரும்" நாவல் எழுதிய உமாசந்திரனின் தம்பி. அவரும் டெல்லிக்குப் போனவர். அகில இந்திய வானொலியில் தமிழ்ச் செய்தி வாசித்தவர். இருவரும் அரசாங்க வேலை, டெல்லி, மேடை, சென்னை, சினிமா என்று ஒரே ரயிலில் வெவ்வேறு காலத்தில் வந்தவர்கள். ஆனால் குரலைக் கேளுங்கள். பூர்ணத்தின் குரல் செய்தி வாசித்த குரல். ஒவ்வொரு எழுத்தும் வெள்ளை வேட்டி மாதிரி இருக்கும். "வருஷம் 16" தாத்தாவானாலும் "மகாநதி" சிறைக்கைதியானாலும் அந்த வேட்டியில் மடிப்பு கலையாது. அதுதான் அவர் அழகு. டெல்லி கணேஷின் குரலில் எப்போதும் ஒரு கீறல் உண்டு. சத்தம் போட்டால் உடையும், கெஞ்சினால் கம்மும். அதிகாரம் இல்லாதவர்களின் பாத்திரங்கள் அவரைத் தேடி வந்ததற்கு இந்தக் கீறலே பாதிக் காரணம் என்று நினைக்கிறேன்.

மீதிக் காரணம் அவ்வளவு நல்லதல்ல.

அவர் இறந்த செய்தி வந்த அன்று எங்கள் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே டீக்கடையில் ஒரு பெரியவர் சொன்னார்: "அந்த ஐயரு நடிகரு போய்ட்டாராம்லா." கடைக்காரருக்கு உடனே புரிந்தது. பெயர் தேவைப்படவில்லை. அதைச் சொன்னவர் முகத்தில் நிஜமான வருத்தம் இருந்தது, அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் "ஐயரு நடிகரு" என்பது தமிழ் சினிமா நமக்குக் கொடுத்த பட்டம். சேதுராமய்யர், மணி ஐயர், வெறும் ஐயர். பாலசந்தர், விசு, கிரேஸி மோகன் என்று சபா மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர்களின் உலகத்தில் அந்தப் பேச்சுக்கு ஓர் இடம் இருந்தது, காரணமும் இருந்தது. அந்தப் படங்களில் அவர் பேசுவது ஒரு மனிதனின் பேச்சு. அதன் பிறகு வந்தவர்களுக்கு அது பெயர்ப்பலகை ஆகிவிட்டது. "வாங்கோ, உட்காருங்கோ" என்று ஒருவர் சொன்னால் போதும், வீடு எந்த வீடு என்று எழுதிக் காட்ட வேண்டாம். அதைச் சொல்ல ஓர் ஆள் வேண்டும், டெல்லி கணேஷைக் கூப்பிடு.

2003-இல் வந்த "சாமி" இதற்குச் சரியான உதாரணம். கதை நடப்பது திருநெல்வேலியில். த்ரிஷாவின் அப்பாவாக டெல்லி கணேஷ். சொந்தச் சீமையில் நடக்கும் கதையில் சொந்தச் சீமை நடிகர்! ஹரியின் வேகத்துக்கு நடுவே அவருக்குக் கிடைத்தது ஓர் அக்ரஹாரத்து அப்பாவின் வேலை. அதைக் கச்சிதமாகச் செய்தார். வல்லநாட்டுக்காரர் ஒருவர் தாமிரபரணித் தண்ணீர் குடித்த தமிழை அந்தப் படத்தில் பேசியிருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று யோசிப்பதோடு எனக்கு நின்றுவிடுகிறது. "பசி"யில் ரிக்‌ஷா ஓட்டிய மனிதரை அதன் பிறகு யாரும் ரிக்‌ஷாவில் ஏற்றவில்லை. ஜாதியை வைத்து ஒருவருக்கு வேலை மறுப்பதைப் பற்றி நாம் பேசுகிறோம், பேசத்தான் வேண்டும். ஒரு ஜாதியின் அடையாளமாகவே ஒருவருக்குத் திரும்பத் திரும்ப வேலை கொடுப்பதும் அந்த நடிகரின் கலையைச் சுருக்குகிறது. இரண்டும் சமமில்லை, இரண்டாவதில் சோறு கிடைக்கும். ஆனால் நடிப்பு என்று பார்த்தால் நஷ்டம் நமக்கு.

அவர் ஏன் மறுக்கவில்லை என்று கேட்கலாம். நாயகன் வருஷத்துக்கு ஒரு படம் செய்துவிட்டுக் கால் மேல் கால் போட்டு உட்காரலாம். துணை நடிகருக்கு எண்ணிக்கைதான் சோறு. 400 படம் என்று அஞ்சலிகளில் பெருமையாக எழுதினார்கள். அதில் நூறு படமாவது அவருக்கே ஞாபகம் இருந்திருக்காது என்பது என் ஊகம். 1990-களின் பிற்பாதியிலிருந்து வந்த பல படங்களில் இரண்டு காட்சி, ஒரு கண்ணீர், ஒரு ஆசீர்வாதம். அவர் சோம்பேறித்தனமாக நடித்தார் என்று சொல்ல மாட்டேன். ஆனால் எதிரே இருப்பவர் எதையும் தரவில்லை என்றால் நம்புவதற்கு என்ன இருக்கிறது? நம்பிக்கையால் நடிக்கிறவருக்கு இது பெரிய சிக்கல். "தெனாலி"யில் பொறாமை பிடித்த டாக்டர் பஞ்சபூதமாக வந்தபோது பழைய உயிர் திரும்பியது. கமல், ஜெயராம் இரண்டு பேரும் நிறையக் கொடுத்தார்கள். இவரும் வாங்கிக்கொண்டு வயிறெரிந்தார். டாக்டருக்கு டாக்டர் படும் பொறாமையை அவ்வளவு சீரியஸாக வேறு யாரும் பட்டதில்லை!

டிவியைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும், இங்கே சுருக்கமாக. சினிமா அவரைச் சுருக்கிய அதே காலத்தில் சின்னத்திரை அவருக்கு இடம் கொடுத்தது. "மர்மதேசம்", "காசளவு நேசம்" என்று ஒரு காலம் இருந்தது. எங்கள் ஊரில் பல வீடுகளில் ஆண்கள் சிங்கப்பூரிலோ வளைகுடாவிலோ இருப்பார்கள். சாயங்காலத் தொடர்கள் பெண்கள், பிள்ளைகள், கிழவிகள் பார்த்தவை. எனக்குத் தெரிந்த ஒரு ராத்தா அவரைப் பற்றிச் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "அந்த ஆளு அழுதா எங்க அத்தா அழுத மாதிரியே இருக்கும்." அவருடைய அத்தா நெசவாளி. பூணூலும் பஞ்சகச்சமும் அவருக்குக் குறுக்கே வரவில்லை. எப்படி என்று யோசித்தால், தொடரில் காட்சிகள் நீளம். கதைக்கு அவசரமில்லை. ஒருவர் பேச இன்னொருவர் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். கேட்பது என்பதை ஒரு வேலையாகச் செய்யத் தெரிந்தவருக்கு அது பொருத்தமான இடம். மற்றவர்கள் வசனத்தைப் பிடித்துக்கொண்டு தொங்கும்போது, இவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துண்டில் துடைப்பார். ஒரு குடும்பத் தலைவனுக்குப் பேச வார்த்தை இல்லை என்பது புரிந்துவிடும். பிற்காலத்துத் தொடர்களில் எல்லா முகத்தையும் மூன்று தரம் காட்டி மூன்று தரம் இடி இடிக்க ஆரம்பித்தபோது இந்தத் துடைப்புக்கு இடமில்லாமல் போயிற்று.

எழுபது வயதுக்கு மேல் யூடியூபில் உட்கார்ந்து தன் அனுபவங்களைச் சொல்ல ஆரம்பித்தார். அந்த வீடியோக்களில் நான் கவனித்த ஒன்று: கதை சொல்லும்போது பாலசந்தர் மாதிரி, கமல் மாதிரி, தயாரிப்பு மேனேஜர் மாதிரி என்று எல்லோரையும் நடித்துக் காட்டுவார். எல்லோரும் உயிரோடு வந்து நிற்பார்கள். தன்னை மட்டும் எதிரே நின்று கேட்டுக்கொண்டிருந்தவராகவே சொல்வார். அங்கேயும் துணைப் பாத்திரம்தான்.

இறுதி மரியாதைக்கு விமானப்படைக்காரர்கள் வந்து தேசியக்கொடி போர்த்தினார்கள். பத்து வருஷம் வேலை பார்த்த இடம் ஐம்பது வருஷம் கழித்தும் ஞாபகம் வைத்திருந்தது. அவர் நாற்பத்தைந்து வருஷத்துக்கு மேல் வேலை பார்த்த இடத்தில், அந்த வேலை என்ன வேலை என்று இனிமேல்தான் எழுத ஆரம்பிக்க வேண்டும்.

முழுசாக நேரமில்லை என்பவர்களுக்கு ஒரு யோசனை. முதலில் "பசி" பாருங்கள். பிரிண்ட் மோசமாக இருக்கும், பரவாயில்லை. அடுத்து "சிந்து பைரவி"யில் மிருதங்கம் இல்லாத அந்தக் கச்சேரி வரைக்கும். அதன் பிறகு "மைக்கேல் மதன காம ராஜ"னில் அந்தக் கல்யாண வீடு மட்டும், ஆனால் ஒரு நிபந்தனை: கமலைப் பார்க்கக் கூடாது. கஷ்டம்தான், முயற்சி செய்யுங்கள். பூர்ணம் விஸ்வநாதன் சுஜாதாவின் நாடகங்களை மேடையேற்றிய காலத்தைப் பற்றிக் குறிப்புகள் எடுத்துக்கொண்டிருக்கிறேன். "கடவுள் வந்திருந்தார்" நாடகத்தை மேடையில் பார்த்தவர்கள் யாராவது இதை வாசித்தால், அவர் எந்த இடத்தில் நிறுத்தி எந்த இடத்தில் பேசினார் என்று இரண்டு வரி எழுதி அனுப்புங்கள்.